மைனஸ் ஏழால் வகுத்த தயிர்

ஆரணிக்குப் பக்கத்தில் ஒரு கல்லூரியில், நுண்ணுயிரியல் ஆய்வகத்தில் அட்டெண்டராக இருக்கிறேன். சேர்ந்து பதினோரு வருஷம் ஆகிறது. கண்ணாடிக் குழாய்களைக் கழுவுவது, ஆட்டோகிளேவில் வைத்து அவிப்பது, பிள்ளைகள் வருவதற்கு முன் மேசையைத் துடைத்து வேண்டியதை வரிசையாக எடுத்து வைப்பது, அவர்கள் போன பிறகு விட்டுப்போன பேனா மூடிகளைப் பொறுக்குவது, இவைதான் என் வேலை. ஆட்டோகிளேவ் என்பது பெரிய குக்கர். விசிலுக்குப் பதிலாக அழுத்தத்தைக் காட்டும் முள் இருக்கும், அவ்வளவுதான் வித்தியாசம்.

பிளஸ் டூவில் வரலாறு குரூப் படித்தவள் நான். பத்தாம் வகுப்புக் கணக்கில் பார்டரில் தேறியதும் கோயிலில் சூடம் கொளுத்திவிட்டு, இனி இந்த ஜென்மத்தில் கணக்கு வேண்டாம் என்று முடிவு செய்தேன். முக்கியமாக மைனஸ். இரண்டு மைனஸ் சேர்ந்தால் பிளஸ் ஆகும் என்று ஆசிரியர் சொன்னபோது, அது எப்படி ஆகும் என்று கேட்கத் தைரியம் இல்லாமல் தலையாட்டினேன். இருபது வருஷம் தலையாட்டிக்கொண்டே இருந்தேன்.

ஆனால் வேடிக்கை, என் கையால் எழுதிய மைனஸ்களை எண்ணினால் ஆரணி தாலுகாவிலேயே நான்தான் முதலாவதாக வருவேன். ஒவ்வொரு பிராக்டிகலுக்கும் ஆறு சோதனைக் குழாய் எடுத்து, ஒவ்வொன்றிலும் ஒன்பது மில்லி உப்புநீர் ஊற்றி, மார்க்கர் பேனாவால் −1, −2, −3 என்று −6 வரை எழுதி வைக்க வேண்டும். பிள்ளைகள் வந்து, தயிரோ மண்ணோ தண்ணீரோ, ஒரு மில்லியை முதல் குழாயில் விட்டுக் கலக்குவார்கள். அதிலிருந்து ஒரு மில்லி எடுத்து இரண்டாவதில். இரண்டாவதிலிருந்து மூன்றாவதில். அப்படியே ஆறு வரை. கடைசியில் ஏதாவது ஒரு குழாயிலிருந்து கொஞ்சம் எடுத்து, சத்துக்கூழ் ஊற்றிய தட்டில் பரப்பி, இரண்டு நாள் இன்குபேட்டர் என்ற வெதுவெதுப்பான பெட்டியில் வைப்பார்கள். தட்டில் ஒரு பாக்டீரியாவுக்கு ஒரு புள்ளியாக முளைத்து வரும். அதை எண்ணுவார்கள். நான் அந்த மைனஸ்களை, முதல் குழாய், இரண்டாவது குழாய் என்று அடையாளம் சொல்வதற்காக யாரோ வைத்த கோடு என்றே நினைத்துக்கொண்டிருந்தேன். யாரும் என்னிடம் கேட்கவும் இல்லை, நான் யாரிடமும் கேட்கவும் இல்லை.

நாங்கள் இருப்பது சேவூரில். என் வீட்டுக்காரர் லோடு ஆட்டோ ஓட்டுகிறார். மகள் செய்யாறில் விடுதியில் தங்கிப் படிக்கிறாள். பக்கத்து வீட்டு அக்கா பட்டு நெய்கிறவர். அவர் வீட்டுக்காரருக்கு டவுனில் சாயப்பட்டறை வேலை. அக்கா என்னைவிட மூன்று வயது மூத்தவர். இரண்டு வீட்டுக்கும் நடுவில் ஒரே சுவர். அவர் தறி மிதிப்பது என் சமையலறையில் கேட்கும். நான் தாளிப்பது அவர் தறிக்குப் போகும். "இன்னாடி, இன்னிக்கு கடுகு கருகிச்சா?" என்று சுவருக்கு அப்பாலிருந்து கேட்பார்.

எங்களுக்குள் ஒரே ஒரு தகராறு, தயிர். அக்கா வீட்டுத் தயிரைக் கத்தியால் அறுக்கலாம் என்று அவரே சொல்வார். என் தயிரைப் பற்றி ஒன்றும் சொல்ல மாட்டார். அதுதான் எனக்கு எரியும். நான் பிறந்தது தெள்ளார் பக்கம் ஒரு கிராமத்தில். அப்பா அம்மா இரண்டு பேரும் மற்றவர் நிலத்தில் வேலை செய்தவர்கள். எங்கள் வீட்டில் தயிர் என்பது விசேஷத்துக்கு வாங்குவது. கல்யாணத்துக்குப் பிறகு பாலைச் சுண்டக் காய்ச்சி, விரல் வைத்துச் சூடு பார்த்து, நானே பழகிக்கொண்ட தயிர் அது. அதை யாரும் லேசாகப் பேசக் கூடாது.

போன வருஷம் கல்லூரியில், பொதுமக்கள் வந்து துறைகளைப் பார்க்கிற மாதிரி ஒரு நாள் வைத்தார்கள். எங்கள் துறையில் இருக்கும் மேடம் என்னைவிட ஏழெட்டு வயது சின்னவர். என்னை அக்கா என்றுதான் கூப்பிடுவார்.

"அக்கா, ஜனங்களுக்குப் புரியற மாதிரி ஏதாவது வைக்கணும். வீட்டுத் தயிர்ல எத்தனை பாக்டீரியா இருக்குன்னு காட்டலாமா? ரெண்டு வீட்டுத் தயிர் வேணும். போட்டி மாதிரி வைப்போம்" என்றார்.

போட்டி என்ற சொல் காதில் விழுந்ததுமே எனக்கு யார் யார் என்று தெரிந்துவிட்டது.

"மேடம், இத்த நானே செய்யட்டுமா? குழாய்லேர்ந்து தட்டு வரைக்கும்?"

"பதினோரு வருஷமா பாக்கறீங்க, உங்களுக்குத் தெரியாததா? செய்ங்க. கணக்கும் நீங்களே போட்டுக் கொண்டு வாங்க" என்றார்.

கணக்கு என்றதும் பயமாகத்தான் இருந்தது. ஆனால் அக்காவின் தயிரை மண்ணைக் கவ்வ வைக்கும் ஆசை அதைவிடப் பெரிதாக இருந்தது.

அக்காவிடம் சொன்னதும் தறியிலிருந்து எழுந்தே வந்துவிட்டார். ஒரு சின்ன எவர்சில்வர் டப்பாவில் தயிர் எடுத்து, மூடியின் மேல் துணி கட்டி என் கையில் கொடுத்தார். "சிந்தாம எடுத்துகினு போ. பஸ்ல மாத்தி கீத்தி வெச்சிடாத" என்றார்.

மறுநாள் காலை ஆய்வகத்தில் வேறு யாரும் இல்லை. பதினோரு வருஷம் மற்றவர்களுக்காக எடுத்து வைத்த, மில்லி கணக்கில் அளந்து உறிஞ்சும் பிப்பெட்டை முதன்முறையாக எனக்காக எடுத்தேன். ஒன்பது மில்லியில் ஒரு மில்லி, கலக்கு, அடுத்தது. என் தயிருக்கு ஆறு குழாய், அக்கா தயிருக்கு ஆறு குழாய். ஐந்தாவது குழாயிலிருந்தும் ஆறாவது குழாயிலிருந்தும் மில்லியில் பத்தில் ஒரு பங்கை, அதாவது இரண்டு சொட்டு அளவை, தனித்தனித் தட்டில் பரப்பினேன். ஆக நான்கு தட்டு. இன்குபேட்டரை மூடிவிட்டு, கும்பிட்டேன் என்று சொன்னால் சிரிப்பீர்கள். கும்பிட்டேன்.

இரண்டு நாள் கழித்துத் திறந்தபோது தட்டெல்லாம் முளைத்திருந்தது. வெள்ளை வெள்ளையாக, ரவை தெளித்த மாதிரி. தட்டைக் கவிழ்த்து, எண்ணியதன் மேல் மார்க்கரால் ஒரு பொட்டு வைத்துக்கொண்டே வர வேண்டும். என்னுடைய மைனஸ் ஐந்து தட்டில் இருநூற்றுப் பத்து. மைனஸ் ஆறு தட்டில் இருபத்தொன்று. அக்காவின் மைனஸ் ஆறு தட்டில் அறுபத்து மூன்று. அக்காவின் மைனஸ் ஐந்து தட்டு ஒரே கூட்டம், ஒன்றன் மேல் ஒன்று ஏறி, எண்ணவே முடியவில்லை.

மேடம் எட்டிப் பார்த்து, "முப்பதுக்குக் குறைஞ்சாலும் சேராது, முந்நூறுக்கு மேல போனாலும் சேராது. நடுவுல இருக்கற தட்டை மட்டும் எடுத்துக்குங்க" என்று சொல்லிவிட்டுப் போனார்.

அப்படியானால் என்னுடையது இருநூற்றுப் பத்து. அக்காவுடையது வெறும் அறுபத்து மூன்று. அந்தக் கூட்டமான தட்டை மகா சந்தோஷமாகத் தள்ளி வைத்தேன்.

கணக்குக்கு வழி பலகையில் எப்போதும் எழுதியே இருக்கும். தட்டில் எண்ணியதை, குழாயின் நீர்த்த அளவையும் (−5 குழாய் என்றால் பத்தின் அடுக்கு மைனஸ் ஐந்து) ஊற்றிய அளவையும் பெருக்கி வந்ததால் வகுக்க வேண்டும். மைனஸ் ஐந்தாவது குழாய், அதில் பத்தில் ஒரு பங்கு, ஆக என் தயிருக்கு பத்தின் அடுக்கு மைனஸ் ஆறு. அக்காவுக்கு மைனஸ் ஆறாவது குழாய், அதனால் மைனஸ் ஏழு. இது வரை சரியாக வந்துவிட்டேன். அடுத்ததுதான் வகுத்தல். மைனஸ் என்றால் குறைவு, வகுத்தால் இன்னும் குறைவு என்று நினைத்துக்கொண்டு, புள்ளியை இடது பக்கம் ஆறு இடம் தள்ளினேன். 0.00021. அக்காவுக்கு ஏழு இடம். 0.0000063. எந்தப் பக்கம் பார்த்தாலும் நான்தான் ஜெயித்திருந்தேன். நோட்டுத் தாளைக் கிழித்து மடித்து ஜாக்கெட்டுக்குள் வைத்துக்கொண்டு பஸ் ஏறினேன். சேவூர் வரும் வரை எனக்குள்ளேயே சிரித்துக்கொண்டு வந்ததைப் பார்த்து, பக்கத்தில் உட்கார்ந்திருந்த அம்மா கொஞ்சம் நகர்ந்துகொண்டார்.

வீட்டுக்குக்கூடப் போகவில்லை. நேராக அக்கா வீடு. அவர் தறியில் இருந்தார்.

"அக்கா, ரிசல்ட் வந்துடுச்சி."

"சொல்லு."

"எங்க தயிருதான்."

மிதித்த கால் நின்றது. "எவ்ளோ?"

கரைத்த தயிரில் இரண்டு சொட்டு ஊற்றி எனக்கு இருநூற்றுப் பத்து, அவருக்கு அறுபத்து மூன்று முளைத்ததைச் சொல்லிவிட்டு, தாளைப் பிரித்துப் பெருமையாகப் படித்தேன். "ஒரு மில்லியில எனக்கு பூஜ்யம் புள்ளி பூஜ்யம் பூஜ்யம் பூஜ்யம் ரெண்டு ஒண்ணு. உங்களுக்கு பூஜ்யம் புள்ளி, அப்பால அஞ்சு பூஜ்யம், அதுக்கப்புறம்தான் ஆறு மூணு."

அக்கா நூலைப் பார்த்துக்கொண்டே யோசித்தார். அவர் படித்தது எட்டாவது. ஆனால் தறியில் நீளவாட்டில் ஓடும் பாவில் ஆயிரக்கணக்கான இழை இழுக்கிறவர். எண்ணிக்கையில் அவரை ஏமாற்ற முடியாது.

"இரு இரு. பூஜ்யம் புள்ளின்னா ஒண்ணுக்கும் கம்மிதான?"

"ஆமா."

"ஒரு மில்லில ஒரு பூச்சிகூட முழுசா இல்லன்றியா?"

நான் தாளைப் பார்த்தேன். "அப்படித்தான் வருது."

"அப்பறம் பாலு எப்படிடி தோஞ்சுது?"

அவர் விடவில்லை. "ரெண்டு சொட்டு ஊத்துனதுல அறுபத்து மூணு மொளச்சிதுன்னு நீதான சொல்ற? அதுவும் தண்ணியா கரைச்ச தயிரு. கரைக்காத தயிருல ஒண்ணுகூட இல்லன்னா, மீதி இன்னா உன் உப்புத் தண்ணிலேர்ந்து வந்துதா?"

நான் மெதுவாகத் தறிக்குழியின் விளிம்பில் உட்கார்ந்தேன். பதினோரு வருஷ வேலையில் இந்தக் கேள்வி எனக்கு ஒரு நாளும் தோன்றவில்லை. தாளில் இருந்த எண்ணைத் தாளிலேயே விட்டிருந்தேன். அதைத் தயிரோடு வைத்துப் பார்க்க வேண்டும் என்று தெரியவில்லை.

"நீ இன்னா பண்ணுன, எனக்கு மொதல்லேர்ந்து காட்டு" என்றார் அக்கா. உள்ளே போய் அவர் வீட்டுக்காரர் கொண்டுவந்து வைத்திருந்த ரோஸ் சாயத்தில் ஒரு சிட்டிகையும், ஏழு பிளாஸ்டிக் கிளாஸும் எடுத்து வந்தார். சாயத்தைக் கரைத்து முதல் கிளாஸில் வைத்தோம். அடுத்த ஒவ்வொன்றிலும் ஒன்பது ஸ்பூன் தண்ணீர். முதலாவதிலிருந்து ஒரு ஸ்பூன் இரண்டாவதில். இரண்டாவதிலிருந்து மூன்றாவதில். நான்காவது கிளாஸில் ரோஸ் வெளுத்து, ஐந்தாவதில் இருக்கிறதா இல்லையா என்று சந்தேகமாகி, ஏழாவதில் குடிக்கிற தண்ணீர் மாதிரி ஆகிவிட்டது.

"தோ பாரு" என்று ஏழாவது கிளாஸைத் தூக்கினார். "இதுல இம்மாந்துண்டு கலர் கீதுன்னு வெச்சுக்க. அதுக்கு முந்தின கிளாஸ்ல?"

"பத்து மடங்கு."

"அதுக்கும் முந்தி?"

"இன்னும் பத்து மடங்கு."

"அப்ப மொதல்ல இருந்த கலரு கண்டுபுடிக்க மேலதான ஏறணும்? நீ இன்னாத்துக்கு இன்னும் கீழ எறங்கிகினே போன?"

எனக்கு உடம்பு சிலிர்த்தது. மிகைப்படுத்தவில்லை, கையில் முடி நின்றதைப் பார்த்தேன். மைனஸ் ஏழு என்பது கீழே இறங்கிய ஏழு படி: குழாயில் ஆறு, தட்டில் ஊற்றிய பத்தில் ஒரு பங்கு ஒன்று. அதால் வகுப்பது என்றால் அந்த ஏழு படியையும் திரும்ப ஏறுவது. பத்தில் ஒரு பங்கால் வகுத்தால் பத்து மடங்கு பெரிதாகிறது. ஒரு ரொட்டியைக் கால் கால் பங்காக வகுத்தால் நான்கு வருகிற மாதிரி. பள்ளிக்கூடத்தில் தலையாட்டிய அந்த இரண்டு மைனஸ் விஷயம், இறங்கியதைத் திருப்புவதுதான். வேறொன்றும் இல்லை.

பென்சில் எடுத்து, அக்கா தறியின் மரச் சட்டத்தில் தாளை வைத்து, படிப்படியாக ஏறினேன். அறுபத்து மூன்று. அறுநூற்று முப்பது. ஆறாயிரத்து முந்நூறு. அறுபத்து மூவாயிரம். ஆறு லட்சத்து முப்பதாயிரம். அறுபத்து மூன்று லட்சம். ஆறு கோடியே முப்பது லட்சம். ஏழாவது படியில் அறுபத்து மூன்று கோடி.

"அறுபத்து மூணு கோடியா?" அக்காவின் குரல் உச்சத்துக்குப் போனது. "ஒரு மில்லிலயா?"

"ஒரு மில்லில."

"மெய்யாலுமா?"

"மெய்யாலும்தான்க்கா!"

நான் சந்தோஷத்தில் குதிக்காத குறை. அதே வேகத்தில் என் தயிரையும் போட்டேன். இருநூற்றுப் பத்து, ஆறே ஆறு படி. இரண்டாயிரத்து நூறு, இருபத்தோராயிரம் என்று ஏறி, இருபத்தொரு கோடியில் பென்சில் நின்றது. நானும் நின்றேன்.

அறுபத்து மூன்று. இருபத்தொன்று.

ஒரு கணம் தாளை மடித்துவிடலாமா என்று தோன்றியது உண்மை. கூட்டமாக இருந்து எண்ண முடியாமல் தள்ளி வைத்த அந்தத் தட்டு அப்போதுதான் ஞாபகம் வந்தது. என் ஐந்தாவது குழாயில் இருநூற்றுப் பத்து என்றால், அக்காவின் ஐந்தாவது குழாயில் எண்ண முடியாத அளவுக்கு இருந்ததே, அதைப் பார்த்தாவது எனக்குப் புரிந்திருக்க வேண்டாமா? ஜெயிக்கிற ஆசையில் கண்ணெதிரே இருந்ததைக் கண் பார்க்கவில்லை.

"இன்னாடி மூஞ்சி மாறுது?"

"அக்கா... உங்க தயிருதான் ஜெயிச்சிருக்கு. மூணு மடங்கு."

அவர் சிரித்த சிரிப்பு இன்னும் என் காதில் இருக்கிறது. தறியில் கையை ஊன்றிக்கொண்டு, கண்ணில் தண்ணீர் வரும் வரை சிரித்தார். "உன் வாயாலயே சொல்ல வெச்சேன் பாரு! உன் கணக்காலயே!" அப்புறம் நானும் சிரிக்க ஆரம்பித்துவிட்டேன். என்ன இருந்தாலும் அது நான் போட்ட கணக்கு. வாழ்க்கையில் முதன்முதலாக, சரி என்று யாரும் சொல்லாமலே சரி என்று எனக்கே தெரிந்த கணக்கு. தோற்றது தயிர்தான்.

மறுநாள் மேடத்திடம் தாளைக் காட்டினேன். தப்பாகப் போட்ட கணக்கையும் மறைக்காமல் காட்டி, அக்கா கேட்ட கேள்வியையும் சொன்னேன். அவர் இரண்டையும் பார்த்துவிட்டு, "இந்தத் தப்பை என் பிள்ளைங்க வருஷா வருஷம் பண்றாங்க அக்கா. ஆனா தயிர் எப்படித் தோய்ஞ்சுதுன்னு ஒருத்தரும் கேட்டதில்ல" என்றார். பிறகு அதையே புத்தகத்தில் எழுதுகிற மாதிரி எழுதிக் காட்டினார். அறுபத்து மூன்று என்பது 6.3 × 10¹. அதை 10⁻⁷ ஆல் வகுத்தால், மேலே உள்ள அடுக்கிலிருந்து கீழே உள்ளதைக் கழிக்க வேண்டும். ஒன்றிலிருந்து மைனஸ் ஏழைக் கழித்தால் எட்டு. ஆக 6.3 × 10⁸. பூஜ்யங்களை எண்ணிப் பார்த்தேன். அதே அறுபத்து மூன்று கோடி. நான் ஏழு படி ஏறி மூச்சு வாங்கியதை அவர் ஒரே வரியில் முடித்துவிட்டார். ஆனால் அந்த ஒரு வரிக்குள் ஏழு படியும் இருப்பது எனக்குத் தெரிந்தது.

அந்த வாரம் முழுக்கப் பைத்தியம் பிடித்த மாதிரி எதையாவது வகுத்துக்கொண்டே இருந்தேன். அக்காவும் சும்மா இருக்கவில்லை. ஒரு நாள் சாயங்காலம் சுவருக்கு அப்பாலிருந்து குரல் வந்தது.

"ஏன்டி, அந்தப் பூச்சி எங்க பட்டு இழ மேல பக்கத்துல பக்கத்துல நின்னா எத்தினி நிக்கும்?"

எனக்குத் தெரியவில்லை. "ஒரு இழ குடுங்க, பாத்து சொல்றேன்" என்றேன்.

சாயம் ஏற்றிய பட்டிலிருந்து ஒரு நூலைப் பிரித்து, அதிலும் ஒற்றை இழையை, ஊசி முனையால் பிரித்துக் காகிதத்தில் ஒட்டிக் கொடுத்தார். மேடம் நுண்ணோக்கியில் அளவுகோல் கண்ணாடியைப் பொருத்தி எப்படிப் பார்ப்பது என்று காட்டினார். இழையின் அகலம் சுமாராக 1.2 × 10⁻⁵ மீட்டர். தயிரில் இருக்கும் உருண்டைப் பூச்சி ஒன்று சுமாராக 8 × 10⁻⁷ மீட்டர். சின்னதைச் சின்னதால் வகுக்க வேண்டும். மேலேயும் மைனஸ், கீழேயும் மைனஸ்.

முதலில் 1.2-ஐ எட்டால் வகுத்தேன். 0.15. பிறகு அடுக்கு. கை பழக்கத்தில் ஐந்தையும் ஏழையும் கூட்டி மைனஸ் பன்னிரண்டு என்று எழுதிவிட்டது. எழுதி முடித்ததும் அக்காவின் குரல் உள்ளே கேட்டது. இழை பெரிது, பூச்சி சின்னது. அப்படியானால் பதில் ஒன்றுக்கு மேலேதானே வர வேண்டும்? பூஜ்யம் புள்ளி என்று எப்படி வரும்? அடித்துவிட்டு, மைனஸ் ஐந்திலிருந்து மைனஸ் ஏழைக் கழித்தேன். ஐந்து படி கீழே இருக்கிறவர், ஏழு படி கீழே இருக்கிறவரைவிட இரண்டு படி மேலே. பிளஸ் இரண்டு. 0.15 பெருக்கல் நூறு. பதினைந்து.

ஒரு பட்டிழையின் அகலத்தில் பதினைந்து பூச்சி தோளோடு தோள் நிற்கலாம். இதை நான் கண்டுபிடித்தேன். உலகத்தில் வேறு யாராவது முன்பே கண்டுபிடித்திருப்பார்கள், அது வேறு விஷயம். சேவூரில் நான்தான் முதல்.

"பதினஞ்சுதானா?" என்றார் அக்கா. கொஞ்சம் ஏமாற்றம். "எங்க இழ அவ்ளோ மெலிசா?" என்று அடுத்த நொடியே அது பெருமையாக மாறியது.

கல்லூரியைப் பொதுமக்களுக்குத் திறந்துவிட்ட நாளில் எங்கள் மேசைக்குத்தான் அதிகக் கூட்டம். நான்கு தட்டையும் வைத்திருந்தோம். ரோஸ் சாயம் கலந்த ஏழு சோதனைக் குழாயும் வரிசையாக நின்றன. அது என் யோசனை. மேடம் என்னையே பேசச் சொன்னார். முதல் இரண்டு பேருக்குச் சொல்லும்போது பாதியில் விட்டுவிட்டுத் திரும்ப முதலிலிருந்து ஆரம்பித்தேன். மூன்றாவது ஆள் ஒரு மளிகைக் கடைக்காரர். "அப்ப கடைசிக் குழாய்ல ஒண்ணுமே இல்லியா?" என்று கேட்டதும் எனக்கு வேகம் பிடித்துவிட்டது. குழாயைத் தூக்கிக் காட்டி, படியிறங்கி, படியேறி, அறுபத்து மூன்று கோடியில் கொண்டுபோய் நிறுத்தினேன். அவர் வாயைப் பிளந்தார்.

பதினொரு மணி வாக்கில் அக்கா வந்தார். தறிக்கு லீவு விட்டு, தலையில் கனகாம்பரம் வைத்துக்கொண்டு வந்திருந்தார். அவரை நுண்ணோக்கியின் முன் உட்கார வைத்தேன். முதலில் தன் இமையைத்தான் பார்த்தார். பிறகு நான் திருகைக் கொஞ்சம் திருப்பியதும் அவர் அப்படியே அசையாமல் உட்கார்ந்துவிட்டார். ஊதா நிறம் ஏற்றிய உருண்டைகள், ஜோடி ஜோடியாக, சரம் சரமாக.

"இதெல்லாம் எங்க வூட்டுதா?"

"உங்க வூட்டுதுதான்க்கா."

"ஜோரா பாவு போட்ட மாதிரி நிக்குதுங்கடி" என்றார் மெதுவாக. பின்னால் காத்திருந்தவர்கள் முணுமுணுத்தும் எழுந்திருக்கவில்லை. எழுந்த பிறகு மேசையை விட்டும் போகவில்லை. வருகிறவர்களிடமெல்லாம் "ஜெயிச்ச தயிரு என்துதான்" என்று சொல்லிக்கொண்டே நின்றார். சாப்பாட்டு நேரத்துக்குள் அவரும் படியிறங்கிப் படியேறி விளக்க ஆரம்பித்துவிட்டார். ஓர் இடத்தில்கூடத் தப்பவில்லை.

என் வீட்டுக்காரர் லோடு இறக்கிவிட்டு மூன்று மணிக்கு வந்தார். நான் கையில் குச்சியோடு கூட்டத்தின் நடுவில் நின்று பேசுவதைத் தூரத்திலிருந்தே பார்த்துக்கொண்டிருந்தார் என்று அக்கா பிறகுதான் சொன்னார். பக்கத்தில் வந்ததும், "ஒரு மில்லின்னா எவ்ளோ?" என்று கேட்டார்.

"இருபது சொட்டு."

"நான் கிண்ணம் கிண்ணமா சோத்துல ஊத்தி அடிக்கிறனே!"

"ஒண்ணும் ஆவாது. நல்ல பூச்சிதான்."

"நம்ம வூட்டுது எத்தினி கோடி?"

"இருபத்தொண்ணு."

"போதும்" என்றார். "நான் தாங்குறதுக்கு அது போதும்." மேடம்கூடச் சிரித்துவிட்டார்.

கூட்டம் குறைந்த பிறகு மேடம் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, அஞ்சல் வழியில் அறிவியல் படிக்க முதலில் ஓர் அடிப்படைக் கணக்குத் தாள் எழுத வேண்டும், எழுதுகிறீர்களா என்று கேட்டார். எனக்கு நாற்பது நெருங்குகிறது என்றேன். "அதுக்கும் பாக்டீரியாவுக்கும் என்ன சம்பந்தம்?" என்றார். வீட்டுக்காரரிடம் கேட்டேன். "எழுது. அதான் வுட்டா செவுத்துலயும் வகுத்துகினு கீறியே" என்றார்.

விண்ணப்பம் போட்டு, புத்தகம் தபாலில் வந்தது. மூன்றாவது பாடத்தின் பின்னால் பத்தின் அடுக்குகளை வகுக்கும் கணக்கு இருபது. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, அக்கா தறியில் இருக்க, நான் பக்கத்தில் பாய் போட்டு உட்கார்ந்து இருபதையும் போட்டேன். ஒவ்வொன்றுக்கும் மேலே இருப்பது பெரிதா, கீழே இருப்பது பெரிதா, பதில் பெரிதாக வருமா சின்னதாக வருமா என்று அக்கா முதலில் சத்தமாக ஊகம் சொல்வார். பிறகு நான் போடுவேன். பதினோரு மணிக்கு மகள் போனில் கூப்பிட்டாள். நான் விடைகளை வாசிக்க வாசிக்க அவள் அந்தப் பக்கம் சரி பார்த்தாள்.

"அம்மா, பதினெட்டு சரி. ரெண்டு தப்பு."

"எது ரெண்டு?" என்று கேட்க வாயெடுத்தேன். அக்கா கையை நீட்டி, "சொல்லவாணாம்னு சொல்லு" என்றார். தறியிலிருந்து எழுந்து, பாயில் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "நோட்டை இங்க தள்ளு. நாமளே புடிப்போம்."